கறிக்குப் பக்கத்தில் ஒரு கேரட்

அமெரிக்காவில் கோடை வந்துவிட்டால் சனி, ஞாயிறுகளில் தெருவெல்லாம் கரிப்புகை மணக்கும். நான் இருக்கும் டெக்சாஸில் கோடையென்று தனியாகச் சொல்ல வேண்டியதில்லை, ஆண்டில் பாதி அப்படித்தான். கொல்லைப்புறத்தில் கரியடுப்பு. அதன்முன் ஏப்ரன் கட்டிய ஓர் ஆண், கையில் நீண்ட இடுக்கி. சூடேறிய கம்பிகளின் நடுவில் மாட்டிறைச்சி அல்லது கோழி. ஓரத்தில், தணல் குறைந்த இடத்தில், நாலைந்து கேரட்.

ஓரத்தில் கிடக்கும் அந்தக் கேரட்டைப் பற்றித்தான் எழுதப்போகிறேன்.

ஒரு பார்பிக்யூ விருந்துக்கு ஆகும் வேலைகளை ஒருநாள் தாளில் எழுதிப் பார்த்தேன். கரியைப் பற்றவைப்பது, இறைச்சியைப் புரட்டுவது, பக்கத்தில் நின்று பேச்சுக் கொடுப்பது ஒரு பக்கம். கடைக்குப் போவது, இறைச்சிக்கு மசாலா தடவி ஊறவைப்பது, உருளைக்கிழங்கு சாலட், சோளம், தட்டு, துணி, ஐஸ், குழந்தைகளுக்குத் தனியாக ஏதோ ஒன்று, கடைசியில் பாத்திரம் என்று இன்னொரு பக்கம். இரண்டாவது பட்டியல் தாளைத் தாண்டிப் பின்பக்கமும் போனது. ஆனால் இன்று சமைத்தது யார் என்று விருந்தாளிகளைக் கேட்டால் இடுக்கி பிடித்தவரைத்தான் கைகாட்டுவார்கள்.

கேரட்டை மட்டும் எடுத்துக்கொள்வோம். அது கெட்டியான காய். பச்சையாக நேரே தணலில் போட்டால் வெளியே கருகிவிடும், உள்ளே நறுக்கென்று நிற்கும். அதனால் அதைக் கழுவி, தோல் சீவி, நீளவாக்கில் பிளந்து, உப்புத் தண்ணீரில் அரைவேக்காடாக அவித்து, வடித்து, ஈரம் போகத் துடைத்து, எண்ணெயும் உப்பும் புரட்டித் தட்டில் அடுக்கி வெளியே கொண்டுபோய்க் கொடுக்க வேண்டும். அவர் அதை வாங்கி, கம்பிகளின் இடைவெளியில் விழுந்துவிடாமல் குறுக்காக வைத்து ஐந்து நிமிடம் புரட்டுவார். வரிவரியாகக் கருங்கோடு விழும். கிரில் கேரட் தயார். இந்தக் கேரட் இரண்டு முறை வேகிறது. முதல் வேக்காடு வீட்டுக்குள், யார் கண்ணிலும் படாமல். இரண்டாவது வேக்காடு வெளியே, எல்லாரும் பார்க்க.

இதற்கு அவர்கள் வைத்திருக்கும் பெயர் சைடு டிஷ். நம் ஊரில் தொட்டுக்கொள்ள என்போம், தொடுகறி என்போம், தென்மாவட்டங்களில் வெஞ்சனம் என்பார்கள். நம் இலையில் நடுவே இருப்பது சோறு. அதன் கண்ணோட்டத்தில் ஆட்டுக்கறி வறுவலும் தொட்டுக்கொள்ளத்தான், கேரட் பொரியலும் தொட்டுக்கொள்ளத்தான். அமெரிக்கத் தட்டில் நடுவே இருப்பது இறைச்சித் துண்டு. ஆக, எது நடு, எது ஓரம் என்பது காயின் குணத்தில் இல்லை. தட்டை யார், எப்போது, எப்படி வகுத்தார்கள் என்பதில் இருக்கிறது. அமெரிக்கத் தட்டில் கேரட் ஓரத்துக்குப் போன கதைக்கு ஓரளவு தேதிகூடக் குறிக்கலாம்.

ரூத் ஷ்வார்ட்ஸ் கோவன் என்ற தொழில்நுட்ப வரலாற்றாசிரியர் 1983இல் ஒரு புத்தகம் எழுதினார். 'மோர் வொர்க் ஃபார் மதர்' என்று பெயர். வீட்டுக்குள் வந்த கருவிகள் அம்மாவின் வேலையைக் குறைக்கவில்லை, கூட்டின என்பது அவர் வாதம். அவர் காட்டும் பழைய அமெரிக்க வீட்டில் ஒரு பெரிய கணப்படுப்பு, அதில் தொங்கும் ஒரு பானை. இறைச்சி, கிழங்கு, கீரை, தானியம் எல்லாம் அந்த ஒரே பானையில் கொதிக்கும். கேரட் அங்கே யாருக்கும் பக்கத்தில் இல்லை, எல்லாவற்றோடும் கலந்து கிடந்தது. அந்தப் பானையைச் சுற்றி ஆணுக்கும் வேலை இருந்தது. மரம் வெட்ட வேண்டும், பிளக்க வேண்டும், தானியத்தை மாவாக்க வேண்டும். பெண் சமைத்தாள் என்றாலும் அடுப்பெரிவது இரண்டு பேரின் உழைப்பில்.

19ஆம் நூற்றாண்டில் வார்ப்பிரும்பு அடுப்பு வந்தது. விறகுச் செலவு வெகுவாகக் குறைந்தது. பிறகு நிலக்கரி, காஸ், மின்சாரம். மாவு ஆலையிலிருந்து வந்தது. ஆண் சம்பளத்துக்கு வெளியே போனான். அவன் செய்துவந்த வீட்டுவேலைகள் ஒவ்வொன்றாக ஒழிந்தன. அவளுக்கு என்ன ஆயிற்று? புதிய அடுப்பில் ஒரே நேரத்தில் மூன்று நான்கு பாத்திரங்கள் வைக்க முடிந்தது. வைக்க முடிந்ததால் வைக்க வேண்டியதாயிற்று. ஒரு பானைச் சாப்பாடு போய், இறைச்சி தனி, உருளை தனி, காய் தனி, இனிப்பு தனி என்றானது. மேசையில் தொடுகறிகள் பெருகியதற்குப் பின்னால் இந்தக் கதை இருக்கிறது. இதைப் படித்தபோது என் அம்மா வீட்டுக்கு இரட்டை பர்னர் காஸ் அடுப்பு வந்த பிறகு பொரியலோடு கூட்டும் சேர்ந்துகொண்டது நினைவுக்கு வந்தது. யாரும் உத்தரவு போடவில்லை. அடுப்பு இருந்தது.

பார்பிக்யூவின் கதை வேறு வழியில் வருகிறது. சொல் கரீபியத் தீவுகளின் தைனோ மக்களுடையது, ஸ்பானியர் வாயில் பார்பகோவா என்றாகி ஆங்கிலத்துக்குப் போனது. அமெரிக்கத் தென்மாநிலங்களில் 18, 19ஆம் நூற்றாண்டுகளில் பார்பிக்யூ என்றால் ஊர்த் திருவிழா மாதிரி. அரசியல் கூட்டம், ஜூலை 4 கொண்டாட்டம். ஜார்ஜ் வாஷிங்டன் 1769இல் ஒரு பார்பிக்யூவுக்குப் போய் இரவு தங்கிவந்ததைத் தன் நாட்குறிப்பில் எழுதியிருக்கிறார். அங்கே அடுப்பு என்பது நீளமாக வெட்டிய குழி. குழி வெட்டியதும், மரத்தை எரித்துத் தணலாக்கியதும், முழுப் பன்றியை இரவெல்லாம் கண்விழித்துச் சுட்டதும் அடிமைகளாக்கப்பட்ட கறுப்பினத்தவர்கள். நெருப்பின் முன் நிற்பது அப்போது எந்த வெள்ளைக்கார ஆணுக்கும் கௌரவமாகத் தோன்றவில்லை. புகையும் வெக்கையும் அடிமைக்கு, சாப்பாடு எஜமானுக்கு.

அதே நெருப்பு ஒருநாள் ஆண்மையின் அடையாளமானது. உழைப்பாக இருந்தவரை வேறொருவர் தலையில், பொழுதுபோக்கானதும் தன் கையில். பெண்களின் வேலை விஷயத்தில் நமக்கு நன்றாகப் பழகிய கணக்குதான் இது. இதில் நிறமும் சேர்ந்துகொள்கிறது.

இடையில் இரண்டாம் உலகப் போர். இங்கேதான் கேரட்டுக்குச் சொற்ப காலம் ராஜமரியாதை கிடைத்தது. இங்கிலாந்தில் கப்பல்கள் மூழ்கின, உணவு தட்டுப்பட்டது, கேரட் மட்டும் தாராளமாக விளைந்தது. உணவு அமைச்சகம் 'டாக்டர் கேரட்' என்று ஒரு சித்திரப் பாத்திரத்தை உருவாக்கி விளம்பரம் செய்தது. சர்க்கரைக்குப் பதில் கேரட், ஐஸ்கிரீமுக்குப் பதில் குச்சியில் செருகிய கேரட். கேரட் தின்றால் இருட்டில் கண் தெரியும் என்ற கதையையும் அப்போது பரப்பினார்கள். விமானிகள் இரவில் எதிரி விமானங்களை வீழ்த்தியதற்கு உண்மைக் காரணம் ரேடார். கேரட் பழியை ஏற்றுக்கொண்டது, இந்த முறை நல்ல பழி. அமெரிக்காவில் வெற்றித் தோட்டங்கள் என்ற பெயரில் சுமார் 2 கோடி வீட்டுத் தோட்டங்கள் போடப்பட்டன. கேரட் அவற்றில் முக்கியமான பயிர். 1943இல் இறைச்சிக்கு ரேஷன் வந்தது. தோட்டம் போட்டதிலும், ரேஷன் கூப்பனை எண்ணியதிலும், கறி இல்லாத குழம்பைக் கறி இருப்பதுபோல் ஒப்பேற்றியதிலும் பெரும்பங்கு பெண்களுடையது. அவர்களில் பலர் பகலில் விமானத் தொழிற்சாலையில் ரிவெட் அடித்துவிட்டு மாலையில் வீட்டுக்கு வந்து இதைச் செய்தார்கள்.

1945 நவம்பரில் இறைச்சி ரேஷன் முடிந்தது. அந்த ஆண்டிலேயே ஆண்கள் போரிலிருந்து திரும்பத் தொடங்கினார்கள், பெண்கள் தொழிற்சாலைகளிலிருந்து வீட்டுக்கு அனுப்பப்பட்டார்கள். இறைச்சி தட்டின் நடுவுக்கு வந்தது. போர்க்காலத்து நாயகியான கேரட் ஓரத்துக்குப் போனது. நான் உருவகம் பேசுவதாக நினைக்க வேண்டாம். பஞ்சத்தில் தாங்கிப் பிடித்ததை வசதி வந்ததும் மறக்க விரும்புவது மனித இயல்பு. ஆனால் எதை மறப்பது, யாருடைய பங்கை மறப்பது என்பதில் ஓர் ஒழுங்கு இருக்கிறது.

அடுத்த பத்தாண்டுகளில் நடந்ததைப் பொருட்களை வைத்தே சொல்லிவிடலாம். 1947இல் நியூயார்க்குக்கு வெளியே லெவிட்டவுன் என்ற புறநகர் எழுந்தது. ஒரே அச்சில் வார்த்த வீடுகள், ஒவ்வொன்றுக்கும் ஒரு புல்வெளி, வெள்ளையருக்கு மட்டும். ஃபோர்டு கார் தொழிற்சாலையின் மரக்கழிவிலிருந்து 1920களில் செய்யத் தொடங்கிய கரிக்கட்டிகள் 1951இல் கிங்ஸ்ஃபோர்டு என்ற பெயருக்கு மாறின. 1952இல் சிகாகோ பக்கத்தில் ஜார்ஜ் ஸ்டீஃபன் என்பவர், தான் வேலை பார்த்த உலோகப் பட்டறையில் கடல்மிதவைக்காகச் செய்த உருண்டையை இரண்டாக்கி மூடிபோட்ட அடுப்பாக மாற்றினார். வெபர் கெட்டில் என்று இன்றும் விற்கிறது. கரி கார்க் கம்பெனியிலிருந்து, அடுப்பு மிதவைப் பட்டறையிலிருந்து. வீட்டுச் சமையலறையின் வாசனையே படாத பொருட்கள். அதிபர் ஐசன்ஹோவரே தணலின் மேல் நேரடியாக ஸ்டேக் போட்டுச் சுடுவதில் பேர்போனவர். போரில் ஜெயித்த தளபதி ஏப்ரன் கட்டலாம் என்றால் எவரும் கட்டலாம்.

மரம் வெட்டும் வேலை ஒழிந்து அடுப்பிலிருந்து விலகிப்போன ஆணை நெருப்பு மறுபடி கூப்பிட்டது இப்படித்தான். இந்த முறை தினமும் வர வேண்டியதில்லை. மழை பெய்தால் வர வேண்டியதில்லை. குளிர்காலம் முழுக்க லீவு.

1955இல் வந்த 'தி கம்ப்ளீட் புக் ஆஃப் அவுட்டோர் குக்கரி' அந்தக் காலத்தின் முக்கியமான நூல். கரியில் சமைப்பது முதன்மையாக ஆணின் வேலை, கெட்டிக்காரப் பெண் அதை அப்படியே இருக்கவிடுவாள் என்ற தொனியில் பேசும் புத்தகம். எழுதியவர்கள் இரண்டு பேர். ஒருவர் ஜேம்ஸ் பியர்ட், அமெரிக்கச் சமையல் உலகின் பெரிய பெயர். இன்னொருவர் ஹெலன் எவான்ஸ் பிரவுன், கலிஃபோர்னியாக்காரர், 1952இல் மேற்குக் கடற்கரைச் சமையல் பற்றித் தனியாகவே பெரிய நூல் எழுதியவர். ஆண்களின் நெருப்புக்கு இலக்கணம் வகுத்த புத்தகத்தில் பாதி ஒரு பெண்ணின் கைவரிசை. பிற்காலத்தில் பியர்ட் அவருக்கு எழுதிய கடிதங்கள் புத்தகமாக வந்தன. பியர்ட் ஒருபாலீர்ப்பாளர். ஆக, மனைவி சாலட் கலக்க, கணவன் இடுக்கி பிடிக்கும் புறநகர்க் குடும்பப் படத்துக்கு விளக்கவுரை எழுதியவர், அந்தப் படத்துக்குள் தனக்கே இடமில்லாத ஒருவர். கெட்டிக்காரப் பெண் பற்றிய அந்த வரியைப் பலர் ஆணாதிக்கத்துக்குச் சாட்சியாகக் காட்டுவார்கள். எனக்கு அதில் ஹெலனின் கண்சிமிட்டலும் கேட்கிறது. வாரத்தில் ஒருவேளையாவது அவன் நிற்கட்டுமே! தப்பிக்க வழி தேடும் பெண்ணின் சூட்சுமம் அது. ஆனால் தப்ப முடிந்ததா என்றால், மேலே சொன்ன இரண்டாவது பட்டியலைப் பாருங்கள்.

கேரட்டுக்கு வருவோம். 1947இல் ரெனால்ட்ஸ் நிறுவனத்தின் அலுமினியத் தாள் வீடுகளுக்கு விற்பனைக்கு வந்தது. கேரட்டை நறுக்கி, வெண்ணெய் வைத்து, தாளில் பொட்டலமாக மடித்துக் கரியடுப்பின் ஓரத்தில் வைக்கும் முறை பரவியது. உள்ளே அது ஆவியில் வேகும். நெருப்பின்மேல் இருக்கும், ஆனால் நெருப்பு அதைத் தொடாது, புகை மணமும் ஏறாது. பொட்டலத்தைக் கட்டியவள் சமையலறையில் இருந்தாள்.

அந்தச் சமையலறை ஜன்னலுக்குப் பின்னால் நின்ற பெண்ணைப் பற்றி பெட்டி ஃப்ரீடன் 1963இல் எழுதினார். பெயர் வைக்கப்படாத அவளுடைய வெறுமையைப் பற்றிய அந்தப் புத்தகம் பெண்ணிய வரலாற்றில் எங்கே நிற்கிறது என்று உங்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை. 1984இல் பெல் ஹூக்ஸ் கேட்ட கேள்வியும் அதன் பக்கத்திலேயே இருக்க வேண்டும். வசதியான வெள்ளைப் பெண் வீட்டைவிட்டு வேலைக்குப் போனால், அந்த வீட்டில் குழந்தையையும் சமையலையும் யார் பார்ப்பது? பல வீடுகளில் அது கறுப்பினப் பெண். கேரட் சீவும் கத்தி கைமாறுமே தவிர, ஆணின் கைக்கு வந்துவிடாது. எனக்கு இவர்கள் இருவருக்கும் நடுவே பெக் பிராக்கனையும் பிடிக்கும். விளம்பர வாசகம் எழுதிக்கொண்டிருந்தவர். 1960இல் 'தி ஐ ஹேட் டு குக் புக்' என்ற பெயரிலேயே ஒரு சமையல் புத்தகம் போட்டார். சமைக்கப் பிடிக்கவில்லை என்று பெண்கள் வாய்விட்டுச் சொல்ல அஞ்சிய காலத்தில் அது லட்சக்கணக்கில் விற்றது. கோட்பாடு எதுவும் பேசாமல், சீக்கிரம் முடித்துவிட்டு நாற்காலியில் உட்கார வழி சொன்ன புத்தகம்.

இந்தப் பிரிவினையை மனித இயல்பு என்று நிரூபிக்கவும் ஆட்கள் இருந்தார்கள். க்ளோத் லெவி ஸ்ட்ராஸ் 1960களில் சமையலை ஒரு முக்கோணமாக வரைந்தார். அவித்தது வீட்டுக்குள், குடும்பத்துக்கு, பெண்ணுக்குரியது. சுட்டது வெளியே, விருந்தாளிக்கு, ஆணுக்குரியது. விதிவிலக்குகள் உண்டு என்று அவரும் சொன்னார். ஆனால் அவர் பெயரை வைத்துப் பேசுகிறவர்கள் அதைச் சொல்வதில்லை. மெரினாவில் மாலைநேரம் போய்ப் பார்த்தால் போதும். கரித்தணலை விசிறியால் வீசிக்கொண்டு மக்காச்சோளம் சுடுவோரில் எத்தனை பெண்கள்! விறகடுப்பின் தணலில் கத்தரிக்காயைச் சுட்டுத் தோலுரித்துப் பிசைந்த பாட்டிகளை எந்த முக்கோணத்தில் வைப்பது? அவர்கள் சுட்டதற்கு யாரும் பார்பிக்யூ என்று பெயரிடவில்லை. பெயரிட்டிருந்தால் ஒருவேளை தாத்தாக்கள் எழுந்து வந்திருப்பார்கள்.

என் மாநிலத்திலேயே இன்னொரு பதில் இருக்கிறார். டூட்ஸி டோமனெட்ஸ், 1935இல் பிறந்தவர். 1966 முதல் இறைச்சிக் குழியடுப்பில் நிற்கிறார். லெக்சிங்டன் என்ற சிற்றூரில் சனிக்கிழமை மட்டும் திறக்கும் ஸ்னோஸ் என்ற கடையை 2008இல் டெக்சாஸ் மந்த்லி இதழ் மாநிலத்தின் சிறந்த பார்பிக்யூ என்று அறிவித்தது. உலகமே திரும்பிப் பார்த்தது. மண்வெட்டியால் தணல் அள்ளிப் போடும் எழுபது வயதுப் பெண் செய்தியானார். வாரநாட்களில் அவர் ஒரு பள்ளியில் பராமரிப்பு வேலை பார்த்தார், அது அவ்வளவாகச் செய்தியாகவில்லை. மெம்ஃபிஸில் டெசிரே ராபின்சன் 2020இல் பார்பிக்யூ ஹால் ஆஃப் ஃபேமில் இடம்பெற்றார். உயிரோடிருக்கும்போதே அந்தக் கௌரவம் பெற்ற முதல் கறுப்பினப் பெண். குழியடுப்பின் வரலாற்றை முதுகில் சுமந்த சமூகத்தின் பெண்ணுக்கு, 2020இல்.

கேரட்டுக்கும் அண்மையில் பதவி உயர்வு கிடைத்தது. சுமார் பத்துப் பதினைந்து ஆண்டுகளாகப் பெரிய உணவகங்களில் முழுக் கேரட்டைத் தணலில் சுட்டு முதன்மை உணவாகவே வைக்கிறார்கள். நியூயார்க்கின் இலெவன் மேடிசன் பார்க் உணவகத்தில் 2012வாக்கில் கேரட் டார்டார் என்று ஒன்று பேசப்பட்டது. டார்டார் என்பது பச்சை மாட்டிறைச்சியை அரைத்துச் செய்வது. இங்கே இறைச்சி அரைக்கும் இயந்திரத்தையே வாடிக்கையாளரின் மேசையில் பொருத்தி, கண்முன்னே கேரட்டை அரைத்துக் கொடுத்தார்கள். நல்ல சுவை என்றுதான் சொல்கிறார்கள், எனக்கு அதில் சண்டையில்லை. ஆனால் நடுத்தட்டுக்கு வர, கேரட் இறைச்சியின் இயந்திரத்துக்குள் புகுந்து வெளியே வர வேண்டியிருந்தது. சம்பளமும் பெயரும் கிடைக்க ஆண்கள்போல் கோட்டு மாட்டிக்கொண்ட ஒரு தலைமுறைப் பெண்களை எனக்குத் தெரியும்.

நம்மவர்கள் இதில் எங்கே இருக்கிறோம்? அமெரிக்கத் தமிழர்களின் கோடை பிக்னிக்குகளில் பூங்காவில் இரும்பு கிரில் நட்டிருப்பார்கள். அதற்கு ஒரு வாரம் முன்பு வாட்ஸ்அப்பில் பட்டியல் ஓடும். கிரில் என்ற தலைப்பின் கீழே நான்கு ஆண்களின் பெயர்கள். சைடு டிஷ் என்ற தலைப்பின் கீழே இருபது பெண்களின் பெயர்கள், ஒவ்வொன்றுக்கும் எதிரே எலுமிச்சை சாதம், தயிர் சாதம், கேரட் கோசம்பரி, ரைத்தா. ஊரில் காஸ் அடுப்பைப் பற்றவைக்கத் தெரியாமல் விமானம் ஏறியவர்கள், இங்கே கரியின் வெப்பநிலையைப் பற்றி அரைமணி நேரம் பேசுவார்கள். எலுமிச்சை சாதம் இல்லாமல் சிக்கன் டிக்காவை மட்டும் தின்று யாரும் வீடு திரும்புவதில்லை. நம் இலையின் நடுவே இருந்த சோறே அந்தப் பட்டியலில் சைடு டிஷ் ஆகிவிட்டதைப் பார்த்தீர்களா?

கேரட்டை இரண்டு முறை வேகவைக்கத் தேவையே இல்லை என்பதையும் சொல்லிவிடுகிறேன். மூடிபோட்ட அடுப்பு இருந்தால் போதும். தணலை ஒரு பக்கமாக ஒதுக்கிவிட வேண்டும். தோல் சீவ வேண்டியதில்லை, நன்றாகத் தேய்த்துக் கழுவினால் போதும். எண்ணெயும் உப்பும் புரட்டி, தணல் இல்லாத பக்கத்தில் முழுக் கேரட்டுகளை அடுக்கி மூடிவிட்டால் சுமார் அரைமணி நேரத்தில் உள்ளே கத்தி இறங்கும் அளவுக்கு மெதுவாகிவிடும். பருமனானவை இன்னும் கொஞ்சம் கேட்கும். பிறகு தணலின் நேர்மேலே நகர்த்தி இரண்டு மூன்று நிமிடம் புரட்டினால் அதன் சர்க்கரை கருகி இனிக்கும். வறுத்துப் பொடித்த சீரகம், எலுமிச்சை. அடுப்படியில் பாத்திரம் கிடையாது, வடிதட்டு கிடையாது. வெளியே நிற்பவர் அரைமணி நேரம் முன்னதாக வந்து நிற்க வேண்டும், சூடு ஆறுமுன் கம்பியையும் அவரே தேய்த்துவைக்க வேண்டும்.